நான் கொடுத்த ஆட்சேபணை மனு

எங்கள் தெருவில் யாருக்கு மனு எழுத வேண்டுமென்றாலும் என்னிடம்தான் வருவார்கள். ரேஷன் கார்டில் பெயர் விட்டுப்போனாலும், தெருக்குழாயில் தண்ணீர் நின்றுபோனாலும், ஒரு வெள்ளைத் தாளை எடுத்துக்கொண்டு சின்ன காஞ்சிபுரத்தில் எங்கள் வீட்டுக் கூடத்தில் வந்து உட்கார்ந்துவிடுவார்கள். நான் பள்ளிக்கூடத்தில் கணக்கு ஆசிரியராக இருந்தேன். ஒரு வரி எழுதினால் அதற்கு முந்தைய வரி ஆதாரமாக இருக்கவேண்டும் என்று பழகியவன். என் மனுக்கள் பெரும்பாலும் பலித்தன. அவற்றில் எல்லாவற்றையும்விட நன்றாக எழுதப்பட்ட ஒன்று முழுக்கவே பலித்து, ஒரு மனிதரை அவர் உழுத நிலத்திலிருந்து வெளியேற்றியது. அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

கூரம் கிராமத்தில் அப்பா விட்டுப்போன ஒன்றரை ஏக்கர் நஞ்சை எனக்கு இருந்தது. ஏரித் தண்ணீர் பாயும் நிலம். அதை உழுதவர் என்னைவிடப் பத்து வயது இளையவர். அவருடைய அப்பாவும் அதே நிலத்தில்தான் உழைத்தார். விளைச்சலில் பாதி அவருக்கு, பாதி எங்களுக்கு; வாரம் என்பார்கள் இதை. சொந்தமாக ஒரு சென்ட் நிலம்கூட இல்லாத குடும்பம். இப்போது ‘அவர்’ என்று எழுதுகிறேன். அந்த நாளில் எங்கள் வீட்டில் ‘அவன்’ என்றுதான் பேசினோம்.

எந்த வயலில் யார் என்ன பயிர் செய்கிறார் என்று ஒவ்வொரு வருடமும் கிராமத்தில் ஒரு பதிவு எழுதுவார்கள். அதற்கு அடங்கல் என்று பெயர். அப்பா வருடம் தவறாமல் கிராம அலுவலரைப் போய்ப் பார்த்து, எங்கள் நிலத்துக்கு நேராக ‘சொந்த சாகுபடி’ என்று எழுதச் செய்துவிடுவார். உழுகிறவன் பெயர் ஒரு தடவை அதில் ஏறிவிட்டால் அப்புறம் அவனை அசைக்க முடியாது என்பது அவர் பயம். அப்பாவுக்குப் பிறகு நானும் அதையே செய்தேன். எங்கள் உறவில் நிலம் வைத்திருந்த எல்லோரும் அப்படித்தான் செய்தார்கள். அதைப் பொய் என்று யாரும் சொன்னதில்லை. ஜாக்கிரதை என்றுதான் சொல்வோம்.

தொண்ணூறுகளின் பிற்பாதியில் ஒரு காலையில் அவர் வீட்டுக்கு வந்தார். வழக்கம்போலக் கொல்லைப்பக்கம்.

“சார், நம்ம நெலத்துல கரண்ட்டு டவர் கட்டப் போறாங்களாம். நாலு மூலைக்கும் குச்சி நட்டுட்டுப் போயிட்டாங்க.”

“யாரைக் கேட்டு நட்டா?”

“கேக்கறதாவது சார். பெரிய லைனு. ஊர்ல அஞ்சாறு பேரு நெலத்துல போவுது. பயிருக்கு நஷ்டம் குடுப்பாங்களாம். நீங்க ஒரு எட்டு வந்து பாத்தா தேவல.”

அவர் போன பிறகு என் மனைவி, “‘நம்ம நெலம்’ங்கறான், பாத்தேளா?” என்றாள். “அவன் அப்பா வாய்ல ஒரு நாள் அப்படி வந்ததுண்டா?”

அவருடைய அப்பா என்னை ‘சாமி’ என்று கூப்பிடுவார். இவர் ‘சார்’ என்பார். பள்ளியில் எல்லோரும் என்னைச் சார் என்றுதான் கூப்பிட்டார்கள், அங்கே அது மரியாதையாகத்தான் இருந்தது. கொல்லைப்புறத்தில் மட்டும் அந்தச் சொல் எனக்கு உறுத்தியது. இப்போது அதோடு ‘நம்ம’வும் சேர்ந்துகொண்டது.

பள்ளியில் பரீட்சை நேரம் என்று சொல்லி மூன்று வாரம் தள்ளிப்போட்டேன். பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை பஸ் ஏறிப் போனேன். கதிரில் பால் பிடிக்கிற சமயம். வயலின் நடுவே நான்கு பெரிய குழிகள் தோண்டி இரும்புக் கால்களை நிறுத்தியிருந்தார்கள். குழியிலிருந்து அள்ளிய மஞ்சள் அடிமண்ணை அப்படியே பயிர்மேல் கொட்டியிருந்தார்கள். லாரிச் சக்கரம் போன இடமெல்லாம் கதிர் சேற்றோடு சேற்றாக அழுந்திக் கிடந்தது. எத்தனை மூட்டை நெல் போயிற்று என்று கணக்குப் போட ஆரம்பித்தேன். ஆனால் அடுத்த நிமிடம் என் கண் வேறு பக்கம் போய்விட்டது.

களத்துக்குப் பக்கத்தில் புளியமரத்தடியில் அவர் டவர் ஒப்பந்தக்காரரின் மேஸ்திரியோடு உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார். இருவரும் எதற்கோ சிரித்தார்கள். அவர் குடிசையின் பின்சுவரை ஒட்டிச் சிமெண்ட் மூட்டைகள் அடுக்கியிருந்தன. முப்பதாவது இருக்கும்.

என்னைக் கண்டதும் எழுந்து ஓடிவந்தார். “வாங்க சார். வாய்க்கா வரைக்கும் வந்து பாருங்க. லாரி தாண்டறதுக்குன்னு வாய்க்காலைத் தூத்துட்டானுங்க. தண்ணி பூரா எதுத்துக்கினு மேல கரையை ஒடைச்சுக்கினு ஓடையில போவுது. பயிரு போனா ஒரு போகம் சார். வாய்க்கா போனா நெலமே போச்சு.”

எங்கள் தெருக்காரர்கள் நிலம் பார்க்கப் போனால் களத்தோடு நின்றுவிடுவோம். அறுத்து அடித்து, நெல் குவிந்த பிறகு போய்ப் பாகம் பிரித்துக்கொண்டு வருவதுதான் எங்களுக்குத் தெரிந்த விவசாயம். வரப்பில் இறங்கி வாய்க்கால்வரை நடந்ததில்லை. அப்பாவும் நடந்ததில்லை.

“இங்கேருந்தே தெரியறது” என்றேன்.

“இங்கேருந்து என்னா சார் தெரியும்? செருப்பைக் கழட்டிட்டு வாங்க, சேறு ஒண்ணும் கடிக்காது.”

மேஸ்திரி சிரித்தான். எனக்குக் காது சூடாகிவிட்டது. அந்த மூட்டைகளைச் சுட்டிக்காட்டி, இது ஏதப்பா என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேள்வி கேட்கத் தெரியாத பிள்ளைக்குக் கணக்கு வராது என்று வகுப்பில் முப்பது வருடம் சொன்னவன் நான். கேட்காமல் அடுத்த பஸ்ஸைப் பிடித்து வந்துவிட்டேன்.

வழியெல்லாம் மனதுக்குள் கூட்டிப் பார்த்துக்கொண்டே வந்தேன். நம்ம நிலம் என்கிறான். மேஸ்திரியோடு சிரிக்கிறான். முப்பது மூட்டை சிமெண்ட். லாரிக்கு வழிவிட்டதே இவனாகத்தான் இருக்கும். பெரிய வகுப்புக்குத் தேற்றம் நிரூபிக்கிறவனுக்கு இதை நிரூபிக்க எவ்வளவு நேரம் ஆகும்?

தாலுகா அலுவலக வாசலில் எனக்குப் பழக்கமான பத்திரம் எழுதுபவர் ஒருவர் இருந்தார். அவரிடம் சொன்னேன். அவர் வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டு, “சார், பயிர் நஷ்டம் யாருக்குன்னு நெனைக்கிறீங்க? சாகுபடி பண்றவனுக்கு. நான்தான் சாகுபடின்னு அவன் ஒரு மனு குடுத்து, அதை அவங்க ஒத்துக்கினாங்கன்னு வைங்க, முடிஞ்சுது. அப்புறம் உங்க நெலத்தை நீங்க பட்டாவுலதான் பாக்கலாம்” என்றார்.

ஒரு வாரத்தில் கிராம அலுவலர் வழியில் பார்த்துச் சொன்னார்: “உங்க ஆளு தாலுகாவுல மனு குடுத்துட்டாரு போல சார்.”

“என்ன எழுதியிருக்கான்?”

“தெரியாது சார். என்கிட்ட வரல. நேராவே போய்க் குடுத்துட்டாரு.”

மறுநாள் தாலுகா அலுவலகம் போய் ஒரு குமாஸ்தாவிடம் கேட்டிருந்தால் அந்த மனுவைக் காட்டியிருப்பார். என் பழைய மாணவர்களே இரண்டு பேர் அங்கே வேலை பார்த்தார்கள். நான் போகவில்லை. என்ன எழுதியிருப்பான் என்று எனக்குத்தான் தெரியுமே.

அன்று சாயங்காலம் கூடத்தில் உட்கார்ந்து ஆட்சேபணை மனு எழுதினேன். மேற்படி நபருக்கும் என் நிலத்துக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை, அவர் அவ்வப்போது வேலைக்கு வந்த கூலியாள், அடங்கல் நகல் இணைத்திருக்கிறேன் என்று தொடங்கினேன். லாரிகளுக்கு வழிவிட்டு, அதற்குக் கைம்மாறாக ஒப்பந்தக்காரரிடம் சிமெண்ட் பெற்றிருக்கிறார் என்று எழுதினேன். கடைசியில், வாய்க்கால் சேதம் என்று அவர் கூறக்கூடும், அது பொய், வாய்க்கால் முன்பிருந்தபடியே நல்ல நிலையில் இருப்பதை நில உரிமையாளராகிய நான் நேரில் பார்த்து உறுதி கூறுகிறேன் என்று முடித்தேன்.

நேரில் பார்த்து. அந்த வார்த்தைகளை எழுதும்போது என் கை ஒரு கணமும் தயங்கவில்லை.

விசாரணைக்கு இருவரையும் கூப்பிட்டார்கள். அதிகாரி என் மனுவை இரண்டு தடவை படித்தார். நான் நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். நிலத்தை உழுதவர் கதவோரம் நின்றார். வெளுத்த சட்டை போட்டு, தலையைப் படிய வாரிக்கொண்டு வந்திருந்தார்.

“நீங்க யாருப்பா இந்த நெலத்துக்கு?” என்று அதிகாரி கேட்டார்.

அவர் என்னைப் பார்த்தார். “சார் என்னா சொல்லியிருக்காரு?”

“கூலியாள்னு எழுதியிருக்காரு.”

அவர் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டார். பிறகு, “எங்கப்பா காலத்துலேர்ந்து நல்ல கூலிதான் சார், வெதை நெல்லு நாங்க போட்டு, எரு நாங்க அடிச்சு” என்றார். அதிகாரிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இவர் சிரிக்கவில்லை. “கூலிக்காரன்னே வச்சுக்குங்க. எனக்கு நஷ்டம்கூட வாணாம். அந்த வாய்க்காலைத் தோண்டி வுடச் சொல்லுங்க சார். கான்கிரீட்டுக் கட்டியெல்லாம் போட்டுத் தூத்திருக்கானுங்க, மம்பட்டிக்கு அசையல. மிஷின் வந்தாத்தான் ஆவும்.”

என்ன சாமர்த்தியமாகப் பேசுகிறான் என்று நான் நினைத்துக்கொண்டேன். பணம் வேண்டாம் என்கிறவன் அதைவிடப் பெரிதாக எதையோ குறிவைக்கிறான் என்று அந்த அறையில் எனக்குச் சந்தேகம் முற்றிப்போயிற்று.

“வாய்க்கால் நல்லா இருக்குதுன்னு ஓனரே நேர்ல பாத்து எழுதிக் குடுத்திருக்காரே” என்றார் அதிகாரி.

“சார் பாத்தாரா?”

என்னைப் பார்த்துத்தான் கேட்டார். நான் என் கைப்பையின் வாரைச் சரிசெய்துகொண்டிருந்தேன்.

அவருக்கு நிலத்தில் சம்பந்தம் இல்லை என்று அவருடைய மனுவைத் தள்ளிவிட்டார்கள். பயிர் நஷ்டம் என் பெயருக்கு வந்தது. அதில் பாதி அவருடையது என்பது எனக்குத் தெரியும். வந்து கேட்கட்டும், கொடுத்துவிடலாம் என்றிருந்தேன். அவர் கேட்கவில்லை. கேட்காததும் எனக்கு ஒரு சந்தேகமாகத்தான் பட்டது. ஏதோ கோர்ட்டுக்குப் போகத் தயார் செய்கிறான் என்று நினைத்தேன்.

அடுத்த போகத்தில் நிலம் தரிசாகக் கிடந்தது. ஆள் விட்டுக் கேட்டேன். தண்ணீர் ஏறவில்லை என்று பதில் வந்தது. வேண்டுமென்றே போட்டுவைத்திருக்கிறான் என்றேன். அதற்கடுத்த வருடம் அவர் குடும்பத்தோடு ஊரை விட்டுப் போய்விட்டதாகச் சொன்னார்கள். ‘பார்த்தாயா’ என்பதுபோல் மனைவியின் முகத்தைப் பார்த்தேன். உற்சவத்தில் அடியார்களுக்குச் சாப்பாடு போடும் கோயில் ததீயாராதனைக்கு எங்கள் நிலத்து அரிசி ஒரு மூட்டை கொடுப்பது அப்பா காலத்துப் பழக்கம். அந்த வருடம் அவள் கடையில் வாங்கிக் கொடுத்தாள்.

நான் ஓய்வுபெற்ற பிறகு, புது நூற்றாண்டு பிறந்து ஒன்றிரண்டு வருடம் ஆகியிருக்கும், நிலத்தை வாரத்துக்கு எடுக்க ஒருவரைத் தேடினேன். அந்த ஊர்க்காரர் ஒருவர் வந்தார். களத்தில் நின்றபடியே பேச்சை ஆரம்பித்தேன். அவர் என்னைக் கடந்து வரப்பில் இறங்கி நடந்தார். வேறு வழியில்லாமல் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு பின்னாலேயே போனேன். அறுபது வயதில் முதல் தடவையாக என் நிலத்துக்குத் தண்ணீர் வரும் வழியை நடந்து பார்த்தேன்.

லாரி தாண்டிய இடத்தில் வாய்க்காலே இல்லை. மண்ணும் கான்கிரீட்டுமாக மேடாகி, மேலே வேலிகாத்தான் முட்செடி முளைத்திருந்தது. அதற்கு மேற்கே கரை உடைந்து பத்தடி அகலத்துக்கு வாய் பிளந்திருந்தது. அந்த உடைப்பில் பாதிவரை மூட்டைகள் வரிசையாக அடுக்கியிருந்தன. சிமெண்ட் கம்பெனியின் எழுத்து வெளுத்து, மூட்டைகள் நைந்து, உள்ளேயிருந்த களிமண்ணில் புல் வளர்ந்திருந்தது.

“இது யார் அடுக்கினது?”

“உங்க நெலத்துக்காரருதான்” என்றார் வந்தவர். உங்கள் நிலத்துக்காரர். அப்படித்தான் சொன்னார். “மேஸ்திரிக்குத் தெனமும் டீ வாங்கிக் குடுத்து, சிரிக்கச் சிரிக்கப் பேசி, காலி மூட்டையா வாங்கி வச்சாரு. அவரும் சம்சாரமும் குடிசைக்குப் பின்னால மண்ணை ரொப்பி அடுக்கி வச்சு, ஒண்ணொண்ணாத் தூக்கியாந்தாங்க. பாதி அடைச்சாங்க. அப்புறம் ஒரு நாள் தாலுகாவுக்குப் போய்ட்டு வந்தவரு, மூட்டையை அப்படியே போட்டுட்டாரு. ‘எனக்குச் சம்பந்தமில்லன்னு எழுதிட்டாங்கப்பா, நான் யாரு அடைக்கறதுக்கு’ன்னாரு.” பிறகு மடையைக் குனிந்து பார்த்துவிட்டு, “வாய்க்கா இல்லாத நெலத்துக்கு வாரம் வேறயா சாமி?” என்று சொல்லிக்கொண்டே போய்விட்டார். என்னை அவர் ‘சாமி’ என்றுதான் கூப்பிட்டார்.

அப்போதும் நான் நேராக அவரைத் தேடிப் போகவில்லை. முதலில் எனக்கு நினைவு வந்தது மனுதான். நிலமே பாழானதற்கு நஷ்டஈடு கேட்டு எழுதி எடுத்துக்கொண்டு தாலுகா அலுவலகம் போனேன். குமாஸ்தா பழைய கோப்பைத் தேடி எடுத்தார். புரட்டினார். என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டுக் கோப்பை என் பக்கம் திருப்பிவைத்தார்.

“வாய்க்கால் நல்லா இருக்குதுன்னு நீங்களே கையெழுத்துப் போட்டிருக்கீங்களே சார். இதை வச்சுக்கினு இப்ப எப்படி உங்களுக்கு நஷ்டம் குடுக்கறது?”

என் கையெழுத்து. ஒரு அடித்தல் திருத்தல் இல்லை. அதற்குப் பின்னால் கோணி ஊசியால் குத்தி நூல் கோத்திருந்தது அவருடைய மனு. கோடு போட்ட நோட்டுப் புத்தகத்திலிருந்து கிழித்த ஒரு தாள், பள்ளிக்கூடத்துப் பெண்ணின் உருண்டை எழுத்து. நில உரிமையாளர் என்ற இடத்தில் என் பெயரும் பட்டமும் வேலையும் இருந்தன. பயிர் நஷ்டத்தை உரிமையாளரிடமே கொடுக்கலாம், எங்கள் பாகத்தை அவர் எங்களுக்குக் கொடுத்துவிடுவார் என்று இருந்தது. கடைசியில் கோரிக்கை ஒரே வரி: தூர்த்த வாய்க்காலை மிஷின் வைத்துத் தோண்டி விடவும்.

அவர் கொடுத்துவிடுவார். அந்த வரியை நின்றபடியே மறுபடியும் படித்தேன். குமாஸ்தா, “உக்காருங்க சார்” என்றார்.

நிலத்தை உழுதவர் பிள்ளையார்பாளையத்தில் ஒரு சாயப்பட்டறையில் வேலை செய்வதாக விசாரித்துத் தெரிந்துகொண்டேன். பத்து நிமிடம் சைக்கிள் மிதித்தால் போகிற தூரம். இத்தனை வருடம் அங்கேதான் இருந்திருக்கிறார். கொதிக்கும் கொப்பரையில் பட்டு நூல் கற்றைகளைக் கழியில் கோத்துத் திருப்பிக்கொண்டிருந்தார். முழங்கைவரை அரக்குச் சிவப்பு. என்னைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துகொண்டார். கழியை விடவில்லை.

“என்னா சார் இந்தப் பக்கம்? பட்டுப் பொடவையா?”

நான் செய்ததைச் சொன்னேன். மூட்டைகளைப் பார்த்ததை, மனுவைப் படித்ததை எல்லாம் சொன்னேன். அவருடைய பாகத்தை ஒரு கவரில் போட்டு எடுத்துப் போயிருந்தேன். நீட்டினேன். “அங்க வைங்க சார், கை ஈரம்” என்றார். பக்கத்துச் சுவர்மேல் வைத்தேன்.

“அடங்கல்ல உன் பேரை எழுதச் சொல்றேன். இந்த வருஷமே. நீ வந்து…”

“இப்ப எழுதறதா?” அவர் கற்றையைத் தூக்கி நீர் வடியவிட்டு மறுபடி முக்கினார். “இப்ப நான் எங்க சார் சாகுபடி பண்றேன்? பண்ணப்போ இல்லன்னு எழுதினீங்க. பண்ணாதப்போ பண்றேன்னு எழுதச் சொல்றீங்க. ஒரு தபாவாவது உள்ளதை எழுதுங்க சார்.”

பக்கத்தில் நூல் பிழிந்துகொண்டிருந்த பெண், “யாருப்பா இவரு?” என்று கேட்டாள்.

“வாத்தியாரும்மா” என்றார்.

தெருவில் இறங்கி சைக்கிளை உருட்டிக்கொண்டு வரும்போது எனக்கு என்ன தோன்றியது என்பதையும் எழுதிவிடுகிறேன். பெயரை ஏற்ற வேண்டாம் என்கிறானே, ஏதாவது வக்கீல் சொல்லிக்கொடுத்திருப்பானோ. அந்த நினைப்பு வந்தது. நாலு தப்படிகூட நடந்திருக்கமாட்டேன்.

அன்று கூடத்தில் உட்கார்ந்து இன்னொரு மனு எழுதினேன். முந்தைய ஆட்சேபணையில் நான் கூறியவை உண்மையல்ல, வாய்க்காலை நான் நேரில் பார்க்கவில்லை, மேற்படி நபரே அந்த நிலத்தைப் பயிர் செய்துவந்தவர் என்று எழுதினேன். நஷ்டஈடு எதுவும் கேட்கவில்லை. கோரிக்கை என்ற இடத்தில் என்ன எழுதுவது என்று யோசித்து, அந்த நோட்டுத் தாளில் இருந்த ஒரே வரியை அப்படியே எழுதினேன். குமாஸ்தா படித்துவிட்டு, “இதைக் குடுத்தா உங்களுக்குத்தான் சார் கெடுதல்” என்றார். கொடுத்துவிட்டு வந்தேன்.

பல மாதம் அலுவலகத்துக்கு நடந்தேன். கடைசியில் ஒரு கோடையில் மிஷின் வந்து வாய்க்காலைத் தோண்டிவிட்டு, உடைப்பையும் அடைத்துவிட்டுப் போயிற்று. மழைக்காலத்தில் ஏரி திறந்தபோது கூரத்துக்குப் போய்ப் பார்த்தேன். கலங்கல் தண்ணீர் எங்கள் மடைவரை வந்திருந்தது. மடையை வெட்ட எனக்குத் தெரியாது. பக்கத்து வயல்காரர் மண்வெட்டியால் நாலு கொத்துக் கொத்தி விட்டார். தண்ணீர் உள்ளே போயிற்று. நான் பஸ் பிடித்து நேராகப் பிள்ளையார்பாளையம் வந்தேன்.

“தண்ணி ஏறிடுத்து” என்றேன்.

அவர் கழியைக் கொப்பரையின் விளிம்பில் சாய்த்துவைத்தார். முதல் தடவையாக முழுதாக என் பக்கம் திரும்பினார்.

“டவரு காலுக்கு அந்தப் பக்கம் ஒரு மூலை இருக்குதே சார், ஈசான மூலை. அடிமண்ணு கொட்டி மேடாப் போன எடம். அங்க தண்ணி ஏறி நிக்குதா, இல்ல ஒதுங்கிப் போவுதா?”

எனக்குத் தெரியவில்லை. நான் மடையருகே நின்று பார்த்துவிட்டு வந்திருந்தேன்.

“பாக்கலையா சார்?” என்றார். கழியை எடுத்துக்கொண்டு கொப்பரைப் பக்கம் திரும்பிவிட்டார்.

மறுநாள் முதல் பஸ்ஸில் போனேன். செருப்பைக் களத்தில் விட்டுவிட்டு, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, முழங்கால் சேற்றில் அந்த மூலைவரை நடந்தேன். தண்ணீர் ஒதுங்கித்தான் போய்க்கொண்டிருந்தது.